போனில் சத்தம் சரியில்லையா? கடைக்குக் கிளம்புமுன் பார்க்க வேண்டியவை

வேலூரில் காட்பாடி சாலையையொட்டி ஒரு சின்ன மொபைல் சர்வீஸ் கடை வைத்திருக்கிறேன். "அண்ணே, சவுண்டே சரியில்ல" என்று நீட்டப்படும் போன்களில் பலவற்றுக்கு ஸ்க்ரூ டிரைவரையே எடுக்க வேண்டியிருக்காது. டெம்பர் கிளாஸை உரித்தால் சரியாகிவிடும், பிரஷ்ஷால் தட்டினால் சரியாகிவிடும், செட்டிங்கில் ஒரு புள்ளியை நடுவுக்குத் தள்ளினால் சரியாகிவிடும். இதற்கெல்லாம் காசு வாங்கக் கை கூசுகிறது. வாங்காவிட்டால் கடை வாடகை இடிக்கிறது. அதனால் அந்தச் சில்லறை வேலைகளை இங்கேயே எழுதிவிடுகிறேன். நிஜமாகவே பழுதான போன் மட்டும் கடைக்கு வந்தால் போதும்.

## எந்தக் குறையானாலும் முதலில் மூன்று வாசல் சோதனை

மனப்பாடமாகத் தெரிந்த ஒரு பாட்டை எடுத்துக்கொள்ளுங்கள். நெட்டில் ஓடுவது வேண்டாம், போனில் இறக்கி வைத்ததாக இருக்கட்டும். அதை மூன்று வாசல் வழியாகக் கேளுங்கள்: போனின் சொந்த ஸ்பீக்கர், வயர் இயர்போன், புளூடூத்.

- மூன்றிலும் மோசமாக இருந்தால், பாட்டு ஃபைலோ செட்டிங்கோதான் காரணம். போனைப் பிரிக்கவே கூடாது.
- ஸ்பீக்கரில் மட்டும் மோசமென்றால், அடைப்பு அல்லது ஸ்பீக்கர் பழுது.
- வயரில் மட்டும் என்றால், இயர்போன், ஜாக், கன்வெர்ட்டர் (ஜாக் இல்லாத போனில் இயர்போனைச் செருக உதவும் துண்டு) மூன்றில் ஒன்று.
- புளூடூத்தில் மட்டும் என்றால், கோடெக் (ஒலியைச் சுருக்கி அனுப்பும் முறை), இணைப்பு, அல்லது பட்ஸில் (வயர் இல்லாத குட்டி இயர்போன்) அழுக்கு.

இதற்குப் பக்கத்து வீட்டிலிருந்து ஒரு நல்ல இயர்போனை இரவல் வாங்கிவிடுங்கள். சந்தேகப்படும் பொருளையே வைத்துக்கொண்டு அதையே சோதிக்க முடியாது.

மூன்றிலும் மோசம் என்று வந்தால் ஈக்வலைசர், டால்பி, 'சவுண்ட் பூஸ்டர்' என்று என்னென்ன இருக்கின்றனவோ எல்லாவற்றையும் அணைத்துவிட்டு மறுபடி கேளுங்கள். வால்யூம் பூஸ்டர் ஆப் போட்டிருந்தால் அணைத்தால் போதாது, அழித்துவிடுங்கள். ரிங்கரின் ஆயுளைக் குறைப்பதில் அதற்கு இணை கிடையாது. (கடைகளில் நாங்கள் 'ரிங்கர்' என்பது பாட்டும் ரிங்டோனும் வரும் பெரிய ஸ்பீக்கரை. காதில் வைத்துப் பேசும்போது கேட்பது 'இயர் ஸ்பீக்கர்'. பில்லில் இந்தப் பெயர்கள்தான் இருக்கும்.)

## ஸ்பீக்கரில் சத்தம் குறைந்துவிட்டது, மங்கலாகக் கேட்கிறது

முதல் சந்தேகம் அழுக்கு. நம் வட்டாரத்தில் யார் என்ன தொழில் செய்கிறார் என்பதை ஸ்பீக்கர் வலையைப் பார்த்தே ஓரளவு சொல்லிவிடலாம். குடியாத்தம் பக்கம் தறியில் இருப்பவர் போனென்றால் வலையில் பஞ்சு. ஆம்பூரில் ஷூ கம்பெனிக்குப் போகிறவர் போனென்றால் தோல் தூள். பேன்ட் பாக்கெட்டில் வைப்பவருக்குத் துணி நூலும் வியர்வையும் சேர்ந்து பசையாகியிருக்கும்.

போனை அணைத்து, வலை தரையைப் பார்க்கும்படி பிடியுங்கள். உலர்ந்த, மிருதுவான பல் துலக்கும் பிரஷ்ஷால் லேசாகத் தேயுங்கள். தூசு கீழே விழ வேண்டும், உள்ளே போகக் கூடாது. பிறகு செலோ டேப்பை ஒட்டி ஒட்டி எடுங்கள். ஊசி, சேஃப்டி பின், ஏர் புளோயர் மூன்றும் வேண்டாம். வலைக்குப் பின்னால் இருக்கும் சவ்வு மெல்லியது. புளோயர் காற்றில் அது கிழிந்தால் நூறு ரூபாய் வேலை ஐந்நூறாகிவிடும்.

அடுத்தது மேலே மூடியிருக்கும் பொருள். பவுச்சைக் கழற்றிவிட்டுக் கேளுங்கள். போன் மாடலுக்குப் பொருந்தாத பவுச்சில் ஓட்டை ஒரு பக்கம், ஸ்பீக்கர் ஒரு பக்கம் என்று இருக்கும்.

மூன்றாவது செட்டிங். மீடியா வால்யூம், ரிங் வால்யூம், கால் வால்யூம், அலாரம் வால்யூம் நான்கும் தனித்தனி. ரிங்டோன் அலறும், பாட்டு முனகும் என்றால் மீடியா வால்யூமைத்தான் பார்க்க வேண்டும். பக்கவாட்டு பட்டனை அழுத்தியதும் திரையில் வரும் கோட்டின் கீழே மூன்று புள்ளி அல்லது சின்ன அம்புக்குறி இருக்கும். அதைத் தொட்டால் நான்கும் தெரியும்.

ஸ்பீக்கரில் சத்தமே இல்லை, மேலே இயர்போன் படம் தெரிகிறது என்றால் அது வேறு கதை. இயர்போன் செருகியிருப்பதாகப் போன் நம்பிக்கொண்டிருக்கிறது. ஜாக்கில் ஈரமோ நூலோ இருக்கும். இயர்போனை நாலைந்து முறை செருகி எடுங்கள், பிறகு ஒருமுறை ரீஸ்டார்ட் செய்யுங்கள். பெரும்பாலும் போய்விடும். போகாவிட்டால் ஜாக்கோ, டைப்-சி போர்ட்டோ சுத்தம் செய்ய வேண்டியிருக்கும்.

கடைக்கு எப்போது? சாம்சங் வைத்திருப்பவர்கள் டயல் செய்யும் இடத்தில் *#0*# என்று போட்டால் சோதனைப் பலகை ஒன்று வரும். ஷாவ்மி, ரெட்மி என்றால் *#*#6484#*#*. அதில் ஸ்பீக்கர் சோதனையை ஓட்டுங்கள். சுத்தம் செய்த பிறகும் அங்கே மங்கலாகவே கேட்டால் ரிங்கர் மாற்ற வேண்டியதுதான். சாதாரண ஆண்ட்ராய்டு போனுக்குச் சில நூறு ரூபாயில் முடியும் வேலை. வாரண்டி இருந்தால் எங்களிடம் வராதீர்கள், நேராகக் கம்பெனி சர்வீஸ் சென்டருக்குப் போங்கள். நாங்கள் ஒருமுறை திறந்துவிட்டால் வாரண்டியும் போகும், தண்ணீர் புகாத ஒட்டும் போகும்.

## சத்தம் கரகரவென்று வருகிறது

வால்யூமைப் பாதி அளவுக்குச் சற்று மேலே வைத்துக் கேளுங்கள்.

முழு வால்யூமில் மட்டும் கரகரப்பு: சின்ன ஸ்பீக்கரால் தாங்க முடியவில்லை. பூஸ்டரை எடுங்கள், ஈக்வலைசரில் பேஸைக் குறையுங்கள். கல்யாண வீட்டு ஸ்பீக்கர் செட்டோடு போட்டி போட அந்த விரல் நுனி அளவுக் காகிதத்தால் முடியாது.

குறைந்த வால்யூமிலும் கரகரப்பு, அதுவும் எல்லாப் பாட்டிலும்: சவ்வு கிழிந்திருக்கலாம். ஆனால் நீங்கள் லேத், வெல்டிங், கிரைண்டிங் பட்டறையில் வேலை செய்பவராக இருந்தால் அதற்கு முன் இன்னொன்றைப் பாருங்கள். ராணிப்பேட்டை சிப்காட் பக்கத்திலிருந்து வரும் போன்களில் இதை நான் அடிக்கடி பார்க்கிறேன். ஸ்பீக்கருக்குள் காந்தம் இருக்கிறது. பட்டறையில் பறக்கும் இரும்புத் தூளை அது இழுத்துப் பிடித்துக்கொள்ளும். வலைமேல் கறுப்பாக முள் முள்ளாக நிற்கும். பிரஷ் போட்டால் போகாது, நகர்ந்து மறுபடி ஒட்டிக்கொள்ளும். டேப்பை அழுத்தி ஒட்டி இழுங்கள், பத்துப் பதினைந்து முறையாவது. வெளியில் இருப்பது வந்துவிடும். வலையைத் தாண்டி உள்ளே போய்விட்டதென்றால் ரிங்கரைத்தான் மாற்ற வேண்டும். மாற்றிய பிறகு வேலை நேரத்தில் போனைப் பட்டறை மேசையில் வைக்காதீர்கள். ஒரே வருடத்தில் மூன்று ரிங்கர் மாற்றிய வாடிக்கையாளர் ஒருவர் எனக்கு இருக்கிறார். எனக்கு வருமானம்தான், இருந்தாலும் பார்க்கச் சகிக்கவில்லை.

ஒரே ஒரு பாட்டில் மட்டும்: பாட்டின் பதிவே அப்படி. விட்டுவிடுங்கள்.

கீழே விழுந்த நாளிலிருந்து ஸ்பீக்கரிலும் வயரிலும் கரகரப்பு, புளூடூத்தில் மட்டும் சுத்தம்: இது போர்டு வேலை. ஒலியைக் கவனிக்கும் சிப்பான ஆடியோ ஐசி பக்கம் பற்றவைப்பு விட்டிருக்கலாம். ஆயிரங்களில் போகும். பழைய போன் என்றால் செலவு செய்வதா என்று யோசித்துவிட்டுச் சொல்லுங்கள்.

## ஒரு காதில் சத்தம் குறைவு

முதலில் இயர்போனை இடம் மாற்றிப் போடுங்கள், இடதை வலது காதில். குறையும் கூடவே நகர்ந்தால் இயர்போனிலோ போன் செட்டிங்கிலோ பிரச்சினை. நகராமல் அதே காதிலேயே நின்றால் போனை விடுங்கள், காது மருத்துவரைப் பாருங்கள். கிண்டலுக்குச் சொல்லவில்லை. ஒரு பெரியவர் மூன்று இயர்போன் மாற்றிவிட்டு என்னிடம் வந்தார். குறை நகரவில்லை. காதில் குறும்பி அடைத்திருந்தது என்று பிறகு வந்து சொன்னார்.

குறை நகர்ந்தது என்றால்:

பேலன்ஸ். செட்டிங்ஸில் அணுகல்தன்மை என்ற பகுதிக்குள் ஆடியோ பேலன்ஸ் என்று ஒரு கோடு இருக்கும். ஐபோனிலும் அணுகல்தன்மைக்குள்தான். குழந்தைகள் கையில் போன போனென்றால் அந்தப் புள்ளி பெரும்பாலும் ஓரத்தில் இருக்கும். நடுவுக்குக் கொண்டுவாருங்கள்.

வலையில் காது அழுக்கு. பட்ஸில் ஒரு பக்கம் குறைவதற்கு நான் பார்த்தவரை இதுதான் முதல் காரணம். ரப்பரைக் கழற்றி வெளிச்சத்தில் வலையைப் பாருங்கள். மஞ்சளாகத் தெரிந்தால் பட்ஸைக் கவிழ்த்துப் பிடித்து உலர்ந்த பிரஷ்ஷால் துடையுங்கள். ரப்பரை மட்டும் சோப்புத் தண்ணீரில் கழுவலாம். பட்ஸைக் கழுவக் கூடாது.

சார்ஜ் ஏறவில்லை. பெட்டிக்குள் இருக்கும் சின்னப் பித்தளைப் புள்ளிகளில் வியர்வைக் கறை படிந்தால் ஒரு பட் மட்டும் சார்ஜ் ஆகாது. உலர்ந்த துணியால் துடைத்துவிட்டு, இரண்டையும் பெட்டியில் போட்டு, போனில் அந்தப் பெயரை அழித்து மறுபடி சேருங்கள்.

இதற்கும் மசியாத பட்ஸை ரிப்பேருக்குக் கொடுக்காதீர்கள். ஒட்டி மூடிய பொருள், திறந்தால் பழையபடி மூடாது. வாரண்டி இருந்தால் மாற்றிக் கொடுப்பார்கள், இல்லையென்றால் புதிது வாங்குவதுதான் மலிவு.

## பாட்டில் வாத்தியம் கேட்கிறது, பாடகர் குரலைக் காணோம்

வயர் இயர்போனில் வரும் வேடிக்கையான குறை இது. "அண்ணே, கரோக்கி மாதிரி ஓடுது, பாடுறவர் எங்கயோ கிணத்துக்குள்ள இருக்காரு" என்பார்கள். போன் கெட்டுவிட்டது என்ற முடிவோடு வருவார்கள்.

ஜாக்கில் எர்த் இணைப்பு, அதாவது இரண்டு காதுக்கும் பொதுவான வயர், சேரவில்லை, அவ்வளவுதான். அது சேராவிட்டால் இரண்டு காதுக்கும் பொதுவான ஒலி அடிபட்டுப் போகும். பாடகர் குரல் வழக்கமாக நடுவில், அதாவது இரண்டு பக்கத்துக்கும் பொதுவாகப் பதிவாகியிருக்கும். அதனால் முதலில் காணாமல் போவது அதுதான்.

- பவுச் தடுத்து ஜாக் முழுதாக இறங்கவில்லையா என்று பாருங்கள். பவுச்சைக் கழற்றி அழுத்துங்கள்.
- ஜாக் துளைக்குள் நூல் திணிந்திருக்கிறதா? டார்ச் அடித்துப் பாருங்கள். மரப் பல்குச்சியால் மெதுவாக எடுக்கலாம்.
- மைக் பட்டனை அழுத்திப் பிடியுங்கள். உடனே குரல் திரும்பி வந்தால் உங்கள் இயர்போன் பழைய வகை. மைக்கும் எர்த்தும் இடம் மாறியிருக்கும் வகை அது. வேறு இயர்போன்தான் வழி.
- இரவல் இயர்போனில் சரியாகக் கேட்கிறதென்றால் உங்களுடையதன் வயர், ஜாக் அருகே உள்ளே அறுந்திருக்கிறது.

ஜாக் இல்லாத போன்களில் டைப்-சி கன்வெர்ட்டரையும் பாருங்கள். வெறும் வயரை மட்டும் மாற்றித் தரும் மலிவுக் கன்வெர்ட்டர் எல்லாப் போனிலும் வேலை செய்யாது. உள்ளே ஒலியை மாற்றும் டேக் (DAC) சிப் இருப்பதாகக் கேட்டு வாங்குங்கள். கடையிலேயே செருகிப் பாட்டுப் போட்டுப் பார்த்துவிட்டுக் காசு கொடுங்கள்.

## புளூடூத்தில் பாட்டு சப்பென்று இருக்கிறது

அதிகப் பணம் வீணாவது இந்தக் குறையில்தான். விமர்சன வீடியோ பார்த்துவிட்டு "எல்டாக் இருக்கிற ஹெட்போன் கொடுங்க" என்று கேட்டு வருவார்கள், கையில் இருப்பது ஐபோனாக இருக்கும். ஐபோன் புளூடூத்தில் எஸ்பிசி, ஏஏசி என்ற இரண்டு கோடெக்கை மட்டும்தான் பேசும். எல்டாக் என்ற இன்னொரு கோடெக்குக்காகக் கொடுத்த கூடுதல் காசு அதில் வேலை செய்யாது.

வரிசையாகப் பாருங்கள். கோடெக் ஐந்தாவதாகத்தான் வரும்.

### 1. ரப்பர் காதில் இறுகி உட்கார்ந்திருக்கிறதா?

பேஸ் இல்லை என்ற புகார்களில் பலவற்றுக்கு இதுவே பதில். பட்ஸைக் காதோடு விரலால் லேசாக அழுத்துங்கள். பேஸ் சட்டென்று ஏறினால் ரப்பர் அளவு தப்பு. பெட்டியில் தந்த பெரியதைப் போடுங்கள். இரண்டு காதுக்கும் ஒரே அளவுதான் பொருந்த வேண்டும் என்றும் இல்லை.

### 2. பாட்டு ஆப் எந்தத் தரத்தில் ஓடுகிறது?

ஸ்பாட்டிஃபையில் குறைந்த தரம் வினாடிக்குச் சுமார் 24 கிலோபிட், சாதாரணம் 96, உயர்ந்தது 160, 'மிக உயர்ந்தது' என்ற நிலை 320. யூடியூப் மியூசிக்கில் 48, 128, 256. ஆப்பில் 'தானியங்கி' என்று வைத்திருந்தால் சிக்னல் குறையும்போது தரமும் குறையும். டேட்டா மிச்சம் பிடிக்கும் வசதியை இயக்கிவிட்டு மறந்திருந்தால் 24-இலேயே ஓடிக்கொண்டிருக்கும். அதற்கு மேல் எந்த ஹெட்போனும் ஒன்றும் செய்ய முடியாது. 320-இல் ஒரு மணி நேரம் கேட்டால் சுமார் 144 எம்பி செலவாகும். வைஃபையில் இருக்கும்போது இறக்கி வைத்துக்கொண்டால் அந்தக் கவலையும் இல்லை.

### 3. ஃபைல் எங்கிருந்து வந்தது?

யாரோ இறக்கி, யாரோ மாற்றி, வாட்ஸ்அப்பில் சுற்றி வந்த எம்பி3 என்றால் '320' என்று பெயரில் மட்டும்தான் இருக்கும். 128-இல் இருந்ததை 320 ஆக மாற்றினால் ஃபைல் பெரிதாகுமே தவிர, போன ஒலி திரும்பி வராது. பாலில் தண்ணீர் ஊற்றிய பிறகு பெரிய சொம்பில் மாற்றி வைப்பது மாதிரி. கம்ப்யூட்டர் இருந்தால் ஸ்பெக் என்ற இலவச மென்பொருளில் ஃபைலைப் போட்டுப் பாருங்கள். 16 கிலோஹெர்ட்ஸ் அருகே கத்தியால் வெட்டியதுபோல் நின்றுவிட்டால் அது பழைய 128 சரக்காகத்தான் இருக்கும்.

கறுப்பு வெள்ளைக் காலத்துப் பாட்டுகளுக்கு இந்தச் சோதனையெல்லாம் வேண்டாம். அவை மோனோவில் பதிவானவை. இரண்டு காதிலும் ஒன்றேதான் கேட்கும், அதுதான் சரி.

### 4. ஆப்புக்குள் ஈக்வலைசர்

ஹெட்போன் கம்பெனியின் ஆப், போனின் டால்பி, பாட்டு ஆப்பின் ஈக்வலைசர் மூன்றும் ஒன்றன்மேல் ஒன்றாக வேலை செய்துகொண்டிருக்கும். குழம்பில் மூன்று பேர் உப்புப் போட்ட கதைதான். ஒன்றை வைத்துக்கொண்டு மற்ற இரண்டையும் அணையுங்கள்.

### 5. கோடெக்

சிஎம்சி மருத்துவமனை வாசலில் வங்காளத்திலிருந்து சிகிச்சைக்கு வந்தவரும் நம் ஊர் ஆட்டோக்காரரும் பேரம் பேசுவதைப் பார்த்திருப்பீர்கள். இவருக்கு வங்காளி தெரியாது, அவருக்குத் தமிழ் தெரியாது. இருவருக்கும் தெரிந்த அரைகுறை இந்தியில் காரியம் நடக்கும். போனும் ஹெட்போனும் அப்படித்தான். இரண்டுக்கும் பொதுவாகத் தெரிந்த கோடெக்கில்தான் பேசிக்கொள்ளும். எதுவும் பொருந்தாவிட்டால் எஸ்பிசி, பாட்டுக் கேட்கும் எல்லாப் புளூடூத் கருவிக்கும் கட்டாயமாகத் தெரிந்திருக்க வேண்டிய அரைகுறை இந்தி அது.

எதில் எவ்வளவு போகும் என்று சுருக்கமாக:

- எஸ்பிசி: நல்ல தரத்தில் வினாடிக்கு 328 கிலோபிட் வரை. பெயர் கெட்டுக் கிடக்கிறதே தவிர அவ்வளவு மோசமில்லை.
- ஏஏசி: ஐபோனில் சுமார் 256. ஐபோனுக்கு இதுவே நல்லது. ஆண்ட்ராய்டில் இதன் தரம் போனுக்குப் போன் மாறுகிறது. சிலவற்றில் எஸ்பிசியே தேவலை.
- ஆப்டெக்ஸ்: 352. குவால்காம் சரக்கு. எச்டி வகை 576.
- எல்டாக்: சோனியுடையது. 330, 660, 990 என்று மூன்று படி. 2017-இல் வந்த ஆண்ட்ராய்டு 8 முதல் போன்களில் கிடைக்கிறது.
- எல்சி3: எல்இ ஆடியோ என்ற புதிய முறையின் கோடெக். போன், பட்ஸ் இரண்டும் புதிதாக இருந்தால்தான் வரும்.

சாம்சங் பட்ஸும் சாம்சங் போனும் சேர்ந்தால் தங்களுக்குள் தனி பாஷை வைத்திருக்கின்றன. வேறு கம்பெனிப் போனோடு சேர்த்தால் அது கிடைக்காது.

எது ஓடுகிறது என்று பார்க்க: செட்டிங்ஸில் 'போனைப் பற்றி' பகுதிக்குப் போய், பில்ட் எண்ணை ஏழு முறை தட்டுங்கள். சாம்சங்கில் மென்பொருள் தகவலுக்குள் இருக்கும். ஷாவ்மியில் பில்ட் எண்ணுக்குப் பதில் ஓஎஸ் பதிப்பைத் தட்ட வேண்டும். டெவலப்பர் பகுதி திறக்கும். ஹெட்போன் இணைந்திருக்கும்போது அதற்குள் புளூடூத் ஆடியோ கோடெக் என்ற வரியைப் பாருங்கள். அங்கே எஸ்பிசி என்று இருந்து, உங்கள் ஹெட்போன் அட்டைப் பெட்டியில் வேறு நல்ல பெயர் அச்சாகியிருந்தால், புளூடூத் பட்டியலில் அந்த ஹெட்போன் பெயர் பக்கத்தில் இருக்கும் பல்சக்கரத்தைத் தொட்டு எச்டி ஆடியோவை இயக்குங்கள். பல போன்களில் டெவலப்பர் பகுதியில் மாற்றியது அடுத்த முறை இணையும்போது பழையபடி ஆகிவிடும். பல்சக்கரத்தில் மாற்றினால் நிற்கும். டெவலப்பர் பகுதியில் வேறெதையும் தொடாதீர்கள்.

இரண்டு கருவிகளோடு ஒரே நேரத்தில் இணைக்கும் வசதி சில ஹெட்போன்களில் எல்டாக்கை அணைத்துவிடும். லேப்டாப் இணைப்பைத் துண்டித்துப் பாருங்கள்.

வால்யூம் முழுதாக வைத்தும் குறைவாகவே கேட்கிறதென்றால், அதே டெவலப்பர் பகுதியில் 'அப்சல்யூட் வால்யூமை முடக்கு' என்று ஒன்று உண்டு. அதை இயக்கினால் போனுக்கும் ஹெட்போனுக்கும் வால்யூம் தனித்தனியாகும். இரண்டையும் ஏற்றிக்கொள்ளலாம். முதலில் இரண்டையும் பாதியில் வைத்துவிட்டுக் காதில் மாட்டுங்கள். வாரத்துக்கு 40 மணி நேரம் என்றால் 80 டெசிபல் வரைதான் பத்திரம் என்று உலக சுகாதார நிறுவனம் சொல்கிறது. பஸ் இரைச்சலை அமுக்க நாம் வைக்கும் வால்யூம் அதைச் சுலபமாகத் தாண்டிவிடும்.

## புளூடூத் விட்டு விட்டு வருகிறது

இதில் நானே ஒரு தப்புச் செய்திருக்கிறேன். விஐடியில் படிக்கும் தம்பி ஒருவருக்கு எல்டாக்கை 990-இல் வைத்துக் கொடுத்தேன். கடையில் அமிர்தமாக இருந்தது. ஞாயிற்றுக்கிழமை காட்பாடி ஜங்ஷனிலிருந்து போன் செய்தார்: "அண்ணே, பிளாட்பாரத்துல நிக்கிறேன், துண்டு துண்டா வருது." நூற்றுக்கணக்கான பேர் பாக்கெட்டில் புளூடூத், ஸ்டேஷனில் வைஃபை, எல்லாம் ஒரே 2.4 கிகாஹெர்ட்ஸ் தெருவில் முட்டிக்கொள்கின்றன. 990 அகலமான லாரி. சந்தடியில் போகாது.

- கூட்டத்தில் மட்டும் விடுகிறது: எல்டாக்கை 'சிறந்த முயற்சி' என்ற தானே மாறும் நிலையில் வையுங்கள், அல்லது 660, 330-க்கு இறக்குங்கள். ஏஏசி, எஸ்பிசி என்று மாற்றினாலும் சரி. ரயிலில் அந்த வித்தியாசம் உங்கள் காதுக்குத் தெரியப் போவதில்லை.
- நடக்கும்போது மட்டும்: போனைப் பின் பாக்கெட்டிலிருந்து சட்டைப் பைக்கு மாற்றுங்கள். நம் உடம்பே அலையை மறைக்கும்.
- வீட்டில் மட்டும்: ரூட்டரில் 5 கிகாஹெர்ட்ஸ் இருந்தால் போனை அதில் இணையுங்கள்.
- எல்லா இடத்திலும்: போனில் அந்த ஹெட்போனை அழித்து மறுபடி சேருங்கள். பேட்டரி சேமிப்பை அணைத்துப் பாருங்கள். இன்னொருவர் போனோடும் விட்டு விட்டு வந்தால் ஹெட்போன்தான் குற்றவாளி.

உங்கள் போனில் மட்டும், எந்த ஹெட்போனோடும் இரண்டடி தாண்டினாலே அறுந்தால், ஆன்டெனா பக்கம் கோளாறு. டிஸ்ப்ளே மாற்றிய பிறகு இது தொடங்கியிருந்தால் மாற்றிய கடைக்கே போய்ச் சண்டை போடுங்கள். உள்ளே ஒரு வயரைச் செருகாமல் மூடியிருப்பார்கள்.

## கால் வந்ததும் சத்தம் பாழாகிறது

பழுது இல்லை. மைக் திறந்ததும் புளூடூத் பாட்டு முறையை விட்டுப் பேச்சு முறைக்கு மாறிவிடும். அதில் ஒலி மோனோ, தரமும் குறைவு. விளையாட்டில் பேசிக்கொண்டே ஆடினாலும் இதே கதி. எல்டாக் ஹெட்போன் வாங்கினாலும் இது மாறாது. ஆன்லைன் வகுப்புக்கு வயர் இயர்போன் போடுங்கள். அல்லது ஆப்பில் மைக்கைப் போனுக்கு மாற்ற முடிந்தால் மாற்றுங்கள்.

## வாய் அசைவு ஒரு பக்கம், வசனம் ஒரு பக்கம்

புளூடூத்தில் ஒலி சற்றுப் பிந்தி வருவதால் வரும் குறை இது. படம் பார்க்கும் பெரிய ஆப்கள் இதைத் தாமே சரிக்கட்டிவிடும். வாட்ஸ்அப்பில் வந்த வீடியோவும் கேமும்தான் பிந்தும். பட்ஸில் கேம் மோடு இருந்தால் போடுங்கள். இல்லையென்றால் வயர். புளூடூத்தில் தாமதம் இல்லாமல் கேம் ஆட வேண்டுமென்றால் அதற்கென்றே விற்கும் பட்ஸ் வாங்க வேண்டும்.

## தண்ணீர் பட்டபின் சத்தம் அடைத்திருக்கிறது

2021 நவம்பரில் பாலாறு கரைபுரண்டு ஓடியபோது அந்த வாரம் முழுக்க எனக்கு இதே வேலை. வெகுநாள் கழித்து ஆற்றில் தண்ணீரைப் பார்த்ததும் எல்லாரும் போனோடு இறங்கிவிட்டார்கள்.

அணையுங்கள். சார்ஜ் போடாதீர்கள். துடைத்து, ஸ்பீக்கர் கீழே பார்க்கும்படி சாய்த்து ஃபேன் காற்றில் வையுங்கள். ஹேர் டிரையர் சூடு வேண்டாம். அரிசி டப்பாவும் வேண்டாம். அரிசித் தூள் துளைக்குள் போவதுதான் மிச்சம், அரிசியை ஆற்காட்டுப் பிரியாணிக்கே விட்டுவிடுங்கள். ஒரு நாள் காய்ந்த பிறகு இயக்கி, 165 ஹெர்ட்ஸ் அதிர்வை ஓட்டி நீரை வெளியே தள்ளும் ஆப் ஒன்றைச் சில முறை ஓட்டலாம். நல்ல தண்ணீர் என்றால் இத்தோடு சரியாகிவிட வாய்ப்புண்டு.

டீ, ஜூஸ், சாக்கடை, சோப்புத் தண்ணீர் என்றால் காத்திருக்காதீர்கள், அன்றே கடை. உப்பும் சர்க்கரையும் போர்டை அரிக்கும். சிம் தட்டை உருவி உள்ளே வெள்ளைப் புள்ளி சிவப்பாகியிருக்கிறதா என்று பாருங்கள். சிவந்திருந்தால் வாரண்டியில் வாதாடிப் பயனில்லை.

## காதில் வைத்தால் கேட்கவில்லை, என் குரலும் அவர்களுக்குக் கேட்கவில்லை

கேட்கவில்லை: கால் பேசும்போதே வால்யூம் பட்டனை ஏற்றிப் பாருங்கள். பேசாதபோது ஏற்றுவது மீடியா வால்யூம். அடுத்து டெம்பர் கிளாஸ். அதன் ஓரம் இயர் ஸ்பீக்கர் துளையை அரைகுறையாக மூடியிருக்கும், இடுக்கில் முகப் பவுடரும் எண்ணெயும் சேர்ந்திருக்கும். உரித்துவிட்டுப் பேசிப் பாருங்கள். வாட்ஸ்அப் வாய்ஸ் மெசேஜ் பாதியில் முனகலாக மாறுவதும் இதன் தம்பிதான். முகம் நெருங்கியதாக எண்ணி இயர் ஸ்பீக்கருக்கு மாறிவிடும். கிளாஸோ விரலோ மேலே உள்ள சென்சாரை மறைக்கிறது.

குரல் கேட்கிறது, ஆனால் மூக்கால் பேசுவதுபோல் இருக்கிறதென்றால் சிம் செட்டிங்கில் 4ஜி காலிங் இயங்குகிறதா என்று பாருங்கள். பழைய முறை அழைப்பில் 3,400 ஹெர்ட்ஸுக்கு மேல் குரல் போகாது. 4ஜி அழைப்பில் இரு பக்கமும் வசதி இருந்தால் 7,000 வரை போகும்.

அவர்களுக்குக் கேட்கவில்லை: வாய்ஸ் ரெக்கார்டரில் பேசிப் பதிவு செய்யுங்கள். இது கீழ் மைக். அடுத்து ஒரு வீடியோ எடுங்கள். பெரும்பாலான போன்களில் இது மேல் மைக்கையும் எடுக்கும். இரண்டும் தெளிவாக இருந்தால் நெட்வொர்க்கைத் திட்டுங்கள். ரெக்கார்டரில் மட்டும் மோசம் என்றால் கீழ்த் துளை அடைப்பு, அல்லது பவுச் மூடியிருக்கிறது. சுத்தம் செய்தும் தேறவில்லையென்றால் பல மாடல்களில் கீழ் மைக் சார்ஜிங் போர்டிலேயே இருக்கும், போர்டோடு மாற்ற வேண்டும். விலையை முன்பே கேளுங்கள், மாற்றிய பழைய போர்டைக் கையில் வாங்கிக்கொள்ளுங்கள், அங்கேயே ஒரு கால் பேசிப் பார்த்துவிட்டுக் கிளம்புங்கள்.

போன மாதம் லாட்ஜில் தங்கியிருக்கும் ஒரு வங்காளக் குடும்பம் வந்தது. ஊரில் இருக்கும் பிள்ளைக்கு அம்மாவின் குரல் இரண்டு நாளாகக் கேட்கவில்லை. கீழ்த் துளையை டார்ச்சில் பார்த்தேன், உள்ளே சவ்வில் ஓர் ஓட்டை. சிம் எடுக்கும் துளை என்று நினைத்து மைக் துளையில் பின்னைக் குத்தியிருந்தார்கள். போர்டை மாற்றித்தான் கொடுத்தேன். சிம் தட்டுக்குப் பக்கத்தில், அதே கோட்டில் இருப்பதுதான் சிம் துளை. சார்ஜர் செருகும் இடத்துக்குப் பக்கத்தில் தனியாக ஒரு சின்னத் துளை தெரிந்தால் அது மைக். பின்னைக் கீழே வையுங்கள்.